அறுபது நாள் எப்போது தொடங்குகிறது?

ராஜஸ்தானில் ஒரு பெண் தனக்கும் மகனுக்கும் ஜீவனாம்சம் கேட்டு 2002-ல் மனுப் போட்டார். குடும்ப நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 2011-ல். அவருக்கு மாதம் 2,500 ரூபாய், மகனுக்கு 1,500. அந்த ஒன்பது ஆண்டுகளில் இடைக்கால ஜீவனாம்ச உத்தரவுகூட இல்லை. 2014-ல் இந்த வழக்கை விசாரித்த உச்ச நீதிமன்றம், குடும்ப நீதிமன்றங்கள் கேட்டதும் வாய்தா கொடுப்பதைக் கண்டித்தது.

சட்டத்தில் கெடு இருக்கத்தான் செய்கிறது. 2001-ல் வந்த திருத்தங்களின்படி, இடைக்கால மனுவை 60 நாளுக்குள் முடிக்க வேண்டும். இந்து திருமணச் சட்டத்தின் 24-வது பிரிவும், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவும் (இப்போது பி.என்.எஸ்.எஸ். 144) இதைச் சொல்கின்றன. ஆனால் ‘இயன்றவரை’ என்றொரு சொல்லும் கூடவே ஒட்டிக்கொண்டிருக்கிறது. அதைவிடப் பெரிய ஓட்டை, அந்த 60 நாள் மனுப் போட்ட அன்று தொடங்குவதில்லை. எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போய்ச் சேர்ந்த பிறகே தொடங்குகிறது. ‘கதவு பூட்டியிருக்கிறது’ என்ற குறிப்போடு தபால் திரும்பினால் கெடு பிறக்கவே இல்லை. மறுபடி நோட்டீஸ், மறுபடி வாய்தா.

நோட்டீஸ் சேர்ந்தாலும் அடுத்த இழுபறி வருமானத்தில். சம்பளக்காரர் திடீரென வேலையில்லாதவர் ஆவார். கடை அண்ணன் பெயருக்கு மாறியிருக்கும். இதைத் தடுக்கத்தான் உச்ச நீதிமன்றம் 2020 நவம்பர் 4 தீர்ப்பில், இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்றது. பதில் பத்திரத்துக்கு நான்கு வாரம். பத்திரங்கள் வந்தபின் அதிகபட்சம் நான்கு முதல் ஆறு மாதத்துக்குள் உத்தரவு. வேண்டுமென்றே இழுத்தடிப்பவரின் எதிர்வாதத்தை நீக்கவும் அதிகாரம் உண்டு.

இந்தக் கெடுவும் எதிராளி பத்திரம் கொடுத்த பிறகே ஓடத் தொடங்குகிறது. பணம் கொடுக்க வேண்டியவர் கையிலேயே கடிகாரத்தைக் கொடுத்துவிட்டு, ஏன் நேரமாகிறது என்று கேட்கிறோம். எதிர்வாதத்தை நீக்கும் அதிகாரத்தை நீதிமன்றங்கள் தயங்காமல் எடுத்தாலொழிய இது மாறாது.

மனுப் போடுபவர்கள் தங்கள் பிரமாணப் பத்திரத்தை முதல் நாளே சேர்த்துக் கொடுங்கள். மனுத் தேதியிலிருந்தே தொகை கேளுங்கள். 2020 தீர்ப்பு அதற்குத் துணை நிற்கிறது. உத்தரவு வந்தும் பணம் வராவிட்டால், 144-வது பிரிவின் கீழ் பாக்கியை வசூலிக்க, தொகை விழுந்த ஓராண்டுக்குள் மனுச் செய்துவிடுங்கள்.