யந்திரம் யோசிக்குமா?

நாஞ்சில் என்றால் கலப்பை. ஒரு கருவியின் பெயரையே தன் பெயராகக் கொண்ட நாட்டில் கருவிகளைக் கண்டு அஞ்சுவோர் உண்டா? உண்டு என்பதைச் சமீபத்தில் பூதப்பாண்டியில் கண்டோம்.

நாம் சென்றிருந்த வீட்டில் ஒரு சிறுமி பள்ளிக்கூடக் கணக்கைக் கைப்பேசியிடம் கேட்டாள். அது தமிழிலேயே விடை எழுதிற்று. நெல் கணக்கு எழுதியே குடும்பத்தை வளர்த்த அவள் பாட்டனார், "அதுவே யோசித்துவிட்டால், மக்களே, நீ பள்ளிக்கூடம் போவது எதற்கு?" என்றார். "பாட்டா, அது வெறும் யந்திரம்!" என்று சிரித்தாள் பேத்தி. பெரியவர் சிரிக்கவில்லை, நாமும் சிரிக்கவில்லை.

இக்கேள்வி பழையது. 1950-ம் வருஷத்திலேயே ஆலன் டூரிங் என்னும் ஆங்கிலக் கணித மேதை, யந்திரங்கள் யோசிக்குமா என்று ஒரு கட்டுரையில் விசாரித்தார். அவர் தாயார் பிறந்தது நம் போத்தனூரில். தந்தையார் சென்னை மாகாணத்தில் ஐ.சி.எஸ். உத்தியோகஸ்தர். வேறு அறையிலிருந்து எழுத்தில் விடை தருவது மனிதனா, யந்திரமா என்று கேட்பவர் கண்டுபிடிக்க வேண்டும். இதுவே அவர் வகுத்த பரீட்சை. சுமார் 50 வருஷத்தில், ஐந்து நிமிஷ விசாரணைக்குப் பின்னும் பத்தில் மூன்று பேராவது ஏமாறுவர் என்றும் எதிர்பார்த்தார்.

நம் தேசத்திலும் நம்பிக்கையும் பயமும் சேர்ந்தே வந்தன. சென்னையில் பிறந்த ஆர். நரசிம்மனும் அவர் சகாக்களும் பம்பாய் டாடா ஆராய்ச்சி நிலையத்தில் சுயமாகவே ஒரு கம்ப்யூட்டரை உருவாக்கி 1960-ல் இயக்கினர். 1962-ல் நேரு அதற்கு 'டிஃப்ராக்' என்று நாமகரணம் செய்தார். தேசம் பெருமை கொண்டது. அதே பத்தாண்டில் கல்கத்தாவில் ஆயுள் இன்சூரன்ஸ் குமாஸ்தாக்கள், பிழைப்பு போய்விடும் என்று அஞ்சி, கம்ப்யூட்டர் உள்ளே நுழையாதபடி காவல் காத்தனர். பம்பாயில் மேழி பிடித்தவர்கள் அதைச் செய்தவர்களே. கல்கத்தாவிலோ குமாஸ்தாவின் கையில் மேழி இல்லை. பயத்தின் வேர் அங்கேதான் இருக்கிறது.

எந்த வயலை உழுவது என்று கலப்பை சொல்வதில்லை. இன்றைய யந்திரம் அதையும் சொல்ல முன்வருகிறது. ஆகவே பாட்டனாரின் கேள்வியை அலட்சியம் செய்யலாகாது. குழந்தைகள் யந்திரத்தைக் கேட்கட்டும். அது சொன்னதைச் சோதித்துப் பார்க்கும் திறமையை மட்டும் இழக்க வேண்டாம்.

நாம் விடைபெற்றபோது பெரியவர் அக்கணக்கைக் காகிதத்தில் போட்டுக்கொண்டிருந்தார். விடை சரியாகவே இருந்ததாம். ஆயினும் பேத்தி இப்போது தானும் ஒரு தடவை போட்டுப் பார்த்த பிறகே நம்புகிறாளாம்.