பச்சைப் புழுவும் பாசியும்

1954 வரை காரைக்காலை ஆண்ட பிரான்சு நாட்டின் ரோஸ்காப் கடற்கரையில், 3 அல்லது 4 மில்லிமீட்டர் நீளமே உள்ள பச்சைப் புழு ஒன்று வாழ்கின்றது. முட்டையினின்று வெளிவருங்கால் அதற்குப் பச்சை நிறமில்லை. கடலிலுள்ள நுண்பாசியை அது விழுங்குகின்றது. ஆயினும் செரித்துவிடாமல் தன் தோலின் கீழே குடியமர்த்துகின்றது. கடல் வற்றும்போது மணலின் மேல் வந்து வெயில் காய்கின்றது. அவ்வொளியில் பாசி சமைப்பதே புழுவிற்கு உணவு; புழுவின் கழிவே பாசிக்கு உரம். வளர்ந்த புழு வேறு இரை தேடுவதில்லை. பாசி கிட்டாத குஞ்சோ மடிந்துபோகும்.

நம் மன்னார் வளைகுடாப் பவளங்களும் இத்தகைய கூட்டுறவினாலேயே வாழ்கின்றன. கடல்நீர் மிக வெம்மையுற்றால் பாசி பிரிகின்றது, பவளம் வெளுக்கின்றது. 2016ஆம் ஆண்டில் அவ்வாறு வெளுத்துப் பல பவளங்கள் மாண்டன. வெம்மை விரைவில் தணிந்தால் பாசி மீளும்; நீடித்தாலோ பவளம் பட்டினியால் மாளும். கண்ணுக்குத் தெரியாத பாசியன்றோ பவளத்திட்டின் உயிர்நாடி!