மூன்று கால் நாய்க்குட்டி

நாலே நிமிடம் ஓடும் கார்ட்டூன் படம். ‘தி பிரசண்ட்’ என்று பெயர். 2014-ல் ஜெர்மனியில் திரைப்படக் கல்லூரி மாணவராயிருந்த யாக்கோப் ஃப்ரை எடுத்தது. கதை, பிரேசில் நாட்டு ஓவியர் ஃபாபியோ கோவாலாவினுடையது.

வீடியோ விளையாட்டே உலகம் என்று கிடக்கும் சிறுவனுக்குத் தாய் ஒரு பெட்டியைத் தருகிறாள். உள்ளே நாய்க்குட்டி! அள்ளி எடுக்கிறான். அதற்கு முன்னங்கால் ஒன்று இல்லை என்று கண்டதும் வீசி எறிகிறான். குட்டியோ சளைக்கவில்லை; விழுகிறது, எழுகிறது, சிவப்புப் பந்தைத் துரத்துகிறது. கடைசியில் சிறுவன் ஊன்றுகோலை எடுத்துக்கொண்டு எழுகிறான். அவனுக்கும் ஒரு கால் இல்லை!

நம் பெருமாநல்லூர் மக்களுக்கு இந்தக் குட்டி அந்நியமன்று. சேலம் – கொச்சி நெடுஞ்சாலையில் பகலிரவாகச் சரக்கு லாரிகளும் பனியன் கம்பெனி வேன்களும் பறக்கும் ஊர் இது. சக்கரத்தில் சிக்கும் குட்டிக்குப் பெட்டியும் இல்லை, தாயும் இல்லை.

இரக்கம் இல்லாத நாடா இது? 1959-ல் சென்னையில் அடைமழை வெள்ளத்தில் தத்தளித்த இரண்டு குட்டிகளை விமானி கேப்டன் சுந்தரம் வீட்டுக்கு எடுத்துப்போனார். அதிலிருந்து பிறந்ததுதான் புளூ கிராஸ். நாய்களைக் கொல்வதால் பயனில்லை, கருத்தடை செய்யுங்கள் என்று 1960-களிலேயே அது கேட்டது. சென்னை மாநகராட்சி செவிசாய்த்தது 1996-ல்! (சர்க்காரின் காது அவ்வளவு தூரத்தில் இருக்கிறது.)

நாய்க்கு வக்காலத்தா என்று சிலர் நகைக்கலாம். ஆட்டுக்காரனுக்கும் சேர்த்துத்தான் பேசுகிறோம். இதே திருப்பூர் மாவட்டத்தில், காங்கயம், வெள்ளகோவில் வட்டாரத்து விவசாயிகள் 2025-ல் தெருவுக்கு வந்தார்களே, எதற்காக? பட்டியில் புகுந்த நாய்கள் ஆடுகளைக் குதறிப்போட்டன, இழப்பீடு கேட்டார்கள். ஆடுதான் அந்தக் குடும்பத்தின் சேமிப்பு. அவர்கள் கண்ணீர் பொய்யா? இரவு ஷிப்டு முடித்து நடந்து வரும் தொழிலாளியின் அச்சம் பொய்யா?

கருத்தடையும் வெறிநாய்த் தடுப்பூசியும் உள்ளாட்சியின் பொறுப்பு என்கின்றன மத்திய சர்க்காரின் 2023-ஆம் ஆண்டு விதிகள். நல்லது! பிடிக்க ஆள் வேண்டும், வண்டி வேண்டும், அறுவைக்கு மருத்துவர் வேண்டும், ஆறும்வரை வைத்திருக்கக் கூண்டு வேண்டும். கிராம ஊராட்சியின் தலையில் சுமையை ஏற்றியவர்கள் அதன் கையில் எவ்வளவு காசு கொடுத்தார்கள்? ஒன்றியத்துக்கு ஒரு கருத்தடை நிலையம் அமைக்கட்டும்; செலவை மத்திய, மாநில சர்க்கார்கள் ஏற்கட்டும். பெருமாநல்லூரிலிருந்தே தொடங்கட்டும் என்கிறோம்.