பாட்டி பெட்டியில் கிடந்த டைரி! படமாக்கினார் பேராசிரியை

ஜெயிலுக்குப் போகவில்லை. மேடை ஏறவில்லை. பேப்பரில் போட்டோ வந்ததில்லை. அப்படிப்பட்ட குடும்பப் பெண்ணுக்கும் சுதந்திரப் போராட்ட வரலாற்றில் இடம் உண்டா?

"உண்டு" என்று படம் எடுத்தே காட்டியவர், வரலாற்றுப் பேராசிரியை உமா சக்ரவர்த்தி.

இதுபற்றிய விவரம் வருமாறு:-

உமாவின் அப்பாவுக்கு, நமக்குப் பக்கத்துப் பாலக்காடுதான் சொந்த ஊர். உமா பிறந்தது டெல்லியில். அங்கே மிராண்டா ஹவுஸ் கல்லூரியில் பல வருஷம் பாடம் நடத்தினார். 70 வயதை நெருங்கும்போது காமிரா பக்கம் வந்தார். 2010-ல் அவர் எடுத்த டாகுமெண்டரி "எ கொயட் லிட்டில் என்ட்ரி". சத்தமில்லாத ஒரு சின்னப் பதிவு என்று அர்த்தம்.

11 வயதில் கல்யாணம்

படத்தின் நாயகி சுப்புலட்சுமி. 1897-ல் பிறந்தவர். 11 வயதில் கல்யாணம், 14 வயதில் கைக்குழந்தை. கணவருக்கு வெள்ளைக்கார சர்க்காரின் உப்பு இலாகாவில் உத்தியோகம். உப்பளத்து ஓரம் தனிமையில் குடித்தனம். அந்த உப்பு வரியை எதிர்த்துத்தான் 1930-ல் காந்தி தண்டிக்கு நடந்தார். சர்க்கார் உத்தியோகஸ்தர் சம்சாரம் எப்படித் தெருவில் இறங்க முடியும்?

ஆனால் மனசு சும்மா இருக்கவில்லை. தேடித் தேடிப் படித்தார். டைரியில் குறித்து வைத்தார். மகளைப் படிக்க வைக்கப் பாடுபட்டார். அவர் காலத்துக்குப் பின் மிஞ்சியது ஒரு பெட்டி. உள்ளே டைரி, கடிதம், துண்டுத் தாள்கள்.

பேத்தி கண்ட புதையல்

அதைப் புதையலாக எடுத்தவர் பேத்தி மைதிலி சிவராமன். 1968 டிசம்பர் 25-ந் தேதி கீழ்வெண்மணியில் 44 பேர் எரித்துக் கொல்லப்பட்ட கொடுமையை நேரில் போய் விசாரித்து எழுதிய அதே மாதர் சங்கத் தலைவிதான். பாட்டியின் தாள்களை வைத்து ஒரு புத்தகமே எழுதினார். உமா சக்ரவர்த்தியின் படத்துக்கு அதுவே வழி காட்டியது.

பரிதாபம் என்னவென்றால், பாட்டியின் நினைவை மீட்டவருக்கே மறதி நோய் வந்துவிட்டது. உமா விடவில்லை. மைதிலி வாழ்க்கையையும் "பிராக்மென்ட்ஸ் ஆப் எ பாஸ்ட்" என்று படமாக்கினார். மைதிலி 2021 மே மாதம் காலமானார். அவர் கதை பிலிமில் இருக்கிறது.

பரணைப் பாருங்க!

நம்ம கணபதி, பீளமேடு பக்கம் மில்லில் ரீலிங் பார்த்துக் குடும்பத்தைத் தூக்கி நிறுத்திய அம்மிச்சிகள் எத்தனை பேர்! அவங்க பேர் எந்தப் புத்தகத்தில் இருக்கிறது?

பரண்மேல் கிடக்கும் தகரப் பெட்டியைப் பழைய பேப்பர்காரருக்குப் போடும் முன்னே, ஒருதரம் திறந்து பாருங்க. சம்பளச் சீட்டோ, யூனியன் ரசீதோ கிடைத்தால் பத்திரமாக எடுத்து வையுங்க. அதுவும் வரலாறுதான்!