தேடிச் சென்று தேற்றும் அன்பு

பெரம்பலூர் மாவட்டத்துச் செட்டிகுளத்தில், குன்றின்மேல் கரும்பேந்தி நிற்கும் தண்டாயுதபாணியைத் தரிசித்து இறங்குகிறவர்களில் எத்தனை பேர், அத்தெய்வம் ஒரு கனி கிட்டாமையால் மனம் புண்பட்டுத் தனியே மலையேறிய குழந்தை என்பதை நினைத்துப் பார்க்கிறோம்? அந்தக் கோபத்தைப் புராணம் குற்றமாகக் கொள்ளவில்லை. அம்மையும் அப்பனும் தேடிச் சென்று தேற்றினார்கள் என்றே சொல்கிறது.

நம் வீடுகளில் நடப்பது வேறு. சின்ன வெங்காயத்துக்குப் பெயர்போன இச்சீமையில், அறுவடை நாட்களில் தாயும் தந்தையும் பொழுது சாய்ந்தபின்னரே காட்டிலிருந்து திரும்புகிறார்கள். கழுவினாலும் போகாத வெங்காய நெடியோடு அடுப்பை மூட்டும் தாய்க்குப் பிள்ளையின் முகத்தை ஏறிட்டுப் பார்க்க நேரமில்லாமற் போவது அவள் குற்றமன்று. ஆயினும், எழுத்துக்கூட்டத் தடுமாறியதற்காக வகுப்பே சிரிக்கக் கேட்டு வந்த பிள்ளை, அதைச் சொல்ல ஆளின்றிப் புத்தகப் பையைத் திண்ணையில் எறிந்து, தம்பியை அடித்து, அதற்கும் ஓர் அடி வாங்கிக்கொண்டு உறங்கிப் போகிறது. பள்ளியில் 'மக்கு', வீட்டில் 'அடங்காப்பிடாரி' என்ற இரு பட்டங்களைச் சுமக்கும் அந்தச் சிசு ஹிருதயத்தின் ஏக்கம் யார் செவிக்கும் எட்டுவதில்லை.

1887இல் பிறந்த கணித மேதை ராமானுஜன் மூன்று வயதை நெருங்கும்வரை பேசவில்லை. சென்னையில் படிக்க நேர்ந்த சிறு பிராயத்தில், பள்ளி செல்ல மறுத்த அவரை அனுப்பிவைக்க வீட்டார் போலீஸ்காரரின் உதவியை நாடினார்கள். கும்பகோணம் கல்லூரியில், கணிதம் தவிர்த்த பாடங்களில் தவறி உபகாரச் சம்பளத்தை இழந்த அவர், 1905இல் வீட்டாரிடம் சொல்லாமலே விசாகப்பட்டினம் போய்விட்டார். பின்னாளில் உலகமே கொண்டாடியவரின் இளமையில் இத்தனை தனிமை இருந்ததென்றால், மேதையாகப் போகாத கோடானுகோடி குழந்தைகளின் கதி என்ன? அவர்களுக்கும் அன்பு பெறும் பாத்தியதை உண்டல்லவா?

எழுத்துக்கூட்டிப் படிப்பதில் இடர்ப்பாடு தரும் 'டிஸ்லெக்சியா' புத்திக் குறைவன்று; தக்க பயிற்சியால் அக்குழந்தைகளும் கற்பார்கள். மாணவரை அடிப்பதையும் மனத்தைத் துன்புறுத்துவதையும் 2009ஆம் ஆண்டின் கட்டாயக் கல்விச் சட்டம் தடைசெய்கிறது. துன்புறும் குழந்தைக்கு 1098 என்ற இலவசத் தொலைபேசி எண்ணும் உண்டு. ஆனால், வீட்டில் ஒருவர், பள்ளியில் ஒருவர், தன்னை நம்புகிறார் என்ற நிச்சயத்தைச் சட்டம் தர இயலாது. அதனை நாம்தான் தர வேண்டும், அதுவும் மதிப்பெண் பட்டியல் வந்தபின் அன்று, இன்றைக்கே, சோறு பரிமாறும் வேளையிலேயே, "இன்னைக்குப் பள்ளிக்கூடத்துல என்னப்பா நடந்தது?" என்று கேட்டு, பிள்ளை சொல்லி முடிக்கும்வரை குறுக்கே பேசாதிருந்து தர வேண்டும்.