அரை மணியில் ஓர் இரவு உணவு: கீரையும் பாஸ்தாவும்

பிற மாநிலங்களில் வாழும் நம்மவர்களின் இல்லங்களில் வேலை நாட்களின் இரவு உணவு ஒரு தனிப் பிரச்னையாகவே இருந்து வருகிறது. அலுவலகம் விட்டு, நெடுந்தூரம் பிரயாணம் செய்து, வீட்டுக் கதவைத் திறக்கும்போது மணி எட்டாகிவிடுகிறது. அந்த வேளையில் சமையலில் முதலில் கைவிடப்படுவது எது என்று எண்ணிப் பார்த்தால், அது கீரையே என்பது புலப்படும். சோறு குக்கரில் தானே வெந்துவிடும், தயிர் கடையில் கிடைக்கும், அப்பளத்தைச் சுட்டுக்கொள்ளலாம். ஆனால் கீரையை ஆய்ந்து, மண் போக அலசி, வேகவைத்துக் கடைந்து, அதன் பிறகு தாளிப்பதற்குப் பொறுமை எஞ்சியிருப்பதில்லை. இவ்வாறு நாள்தோறும் ஒத்திப் போடப்பட்டு, வாரம் முழுவதும் கீரையே இல்லாத உணவை உண்டு பழகிவிடுகிறோம்.

இச்சங்கடத்துக்கு உகந்த ஒரு வழி இத்தாலிய சமையலில் இருக்கிறது. கீரையையும் பாஸ்தாவையும் ஒரே பாத்திரத்தில் வேகவைத்து, உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றி இறைச்சியைச் சிறிதளவு வதக்கி, அதன் நெய்ப்பில் இரண்டையும் புரட்டி எடுப்பது அம்முறை. அரை மணி நேரத்துக்குள் இருவருக்குப் போதுமான உணவு ஆயத்தமாகிவிடும். அதன் செய்முறையையும், அதன் பின்னால் உள்ள காரணங்களையும் சற்று விரிவாகக் காண்போம்.

இத்தாலி நாடு வரைபடத்தில் ஒரு பூட்ஸ் காலணியைப் போலத் தோன்றும். அக்காலணியின் குதிகாலாக அமைந்திருப்பது பூலியா என்னும் பிரதேசம்; அதன் தலைநகரம் பாரி. அங்குள்ள எளிய மக்கள் ரவையையும் நீரையும் மட்டுமே பிசைந்து, சிறு துண்டுகளாக்கிக் கட்டைவிரலால் குழித்து, 'ஒரெக்கியெத்தே' என்னும் பாஸ்தாவைச் செய்வார்கள். 'சிறிய காதுகள்' என்பது அச்சொல்லின் பொருள். அத்துடன் அவர்கள் சேர்ப்பது டர்னிப் இனத்தைச் சேர்ந்த ஒரு கீரையின் இலைகளும், விரியாத பூமொட்டுகளும் ஆகும். இரண்டையும் ஒரே கொதிநீரில் இட்டு, பூண்டும் மிளகாயும் ஆலிவ் எண்ணெயில் வதங்கிய வாணலியில் சேர்ப்பார்கள். ருசிக்கு உப்பில் ஊறிய சிறு நெத்திலி மீன் கரைந்திருக்கும். இத்தாலியின் வேறு பகுதிகளில் உணவுக்கு நெய்ப்பும் உப்பும் தருவது பன்றியின் வயிற்றுத் தசையையோ கன்னத் தசையையோ உப்பிட்டு உலர்த்திய இறைச்சி. இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் இத்தகைய பாஸ்தாவைச் செய்வோர், தம் கடைகளில் எளிதில் கிடைக்கும் பேக்கனை அதற்குப் பதிலாகப் பயன்படுத்துகின்றனர்.

அந்தக் கீரை நமக்கு முற்றிலும் அந்நியமானதன்று. டர்னிப்பும் கடுகும் நெருங்கிய உறவுள்ள தாவரங்கள். டர்னிப்பின் இனமும் கருங்கடுகின் இனமும் இயற்கையில் கலந்து தோன்றியதே இந்தியக் கடுகு என்பதை ஊ ஜாங்-சூன் என்னும் தாவரவியல் அறிஞர் 1935-இல் வெளியிட்ட ஆராய்ச்சியில் விளக்கினார். ஆகவே டில்லியிலும் பஞ்சாபிலும் குளிர்காலத்தில் கட்டுக் கட்டாக விற்கும் சர்சோன் கீரையை வாங்கினால், பூலியாவின் கீரைக்கு வெகு சமீபத்தில் வந்துவிடுகிறோம். அதே காரமும் இலேசான கசப்பும் அதில் உண்டு. அது கிடைக்காத பருவத்தில் பாலக்கைக் கொள்ளலாம். ஒரு பிடி வெந்தயக் கீரையை அதனுடன் சேர்த்தால் வேண்டிய கசப்பு வந்துவிடும். காஷ்மீரத்தில் இருப்பவர்களுக்கு 'ஹாக்' கீரை இருக்கிறது. அஸ்ஸாமில் வாழ்பவர்களுக்கோ இந்தச் சேர்க்கையே புதிதன்று. 'லாய்' என்னும் கடுகுக் கீரையுடன் பன்றி இறைச்சியைச் சமைப்பது அங்கே பழகிய வழக்கம்.

அடுத்து, பாஸ்தா. இது 'டியூரம்' என்னும் கடினமான கோதுமையின் ரவையினால் ஆவது. இக்கோதுமையில் புரதம் மிகுதி. ஆகவே வெந்த பின்னும் பாஸ்தா குழைந்துவிடாமல் வடிவு கெடாது நிற்கிறது. உலர் பாஸ்தாவுக்கு டியூரம் ரவையையே உபயோகிக்க வேண்டும் என்று இத்தாலியில் 1967-இல் சட்டமே இயற்றினார்கள். நம் நாட்டிலும் மத்தியப் பிரதேசத்தின் மாளவத்திலும், குஜராத்தின் பால் பிரதேசத்திலும் இவ்வினம் விளைகிறது. பால் பிரதேசத்தின் 'பாலியா' கோதுமை 2011-இல் புவிசார் குறியீடு பெற்றது. கடையில் வாங்கும்போது உறையின் மீது 'டியூரம்' என்று குறித்திருக்கிறதா எனப் பார்த்து வாங்குவது நலம். மைதாவினால் செய்த மாக்கரோனி சிறிது அதிகமாக வெந்தாலும் கூழாகிவிடும்.

பேக்கன் என்பது பன்றியின் வயிற்றுத் தசையை உப்பில் பதப்படுத்தி, பெரும்பாலும் புகையூட்டி, மெல்லிய பட்டைகளாக அரிந்தது. இதை நாம் எவ்வளவு சேர்க்கிறோம் என்பது முக்கியம். உலக சுகாதார ஸ்தாபனத்தைச் சேர்ந்த புற்றுநோய் ஆராய்ச்சி நிறுவனம், இவ்வாறு பதப்படுத்திய இறைச்சி வகைகள் மனிதருக்குப் புற்றுநோய் விளைவிப்பவை என்று 2015-இல் வகைப்படுத்தியது. உப்பும் கொழுப்பும் இதில் மிகுதி என்பதும் தெரிந்ததே. ஆதலின் இதனை உணவாகக் கருதாமல், பெருங்காயத்தையும் கடுகையும் போலத் தாளிதப் பொருளாகவே கருத வேண்டும். இருவருக்கு 75 கிராம் போதும். நாள்தோறும் உண்ணாமல் எப்போதாவது உண்பதே தக்கது. பன்றி இறைச்சி நன்றாக வெந்தாலன்றி உண்ணத் தகாது என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

இறைச்சி உண்ணாதவர்களும், பன்றி இறைச்சியை விலக்கியவர்களும் இந்த உணவை இழக்க வேண்டியதில்லை. பாலாடைக்கட்டி வாங்க வசதியில்லாத தென் இத்தாலியக் குடும்பங்கள் பழைய ரொட்டியை உதிர்த்து, எண்ணெயில் பொன்னிறமாக வறுத்துப் பாஸ்தாவின் மீது தூவி வந்தன. அந்த மொறுமொறுப்பு இறைச்சியின் குறையைப் பெரிதும் நிரப்பிவிடும். எண்ணெயை மட்டும் இரண்டு மேசைக் கரண்டியாகக் கூட்டிக்கொள்ள வேண்டும்.

இனி, இருவருக்கு வேண்டிய அளவைக் கூறுவோம். பாஸ்தா 200 கிராம். கீரை 300 கிராம். பேக்கன் 75 கிராம். பூண்டு நான்கு பல். வற்றல் மிளகாய் ஒன்று அல்லது இரண்டு. எண்ணெய் ஒரு சிறு கரண்டி. எலுமிச்சம்பழம் அரை மூடி. லிட்டர் நீருக்கு 10 கிராம் உப்பு என்பது இத்தாலியர் கணக்கு. பேக்கனிலேயே உப்பு இருப்பதால், இங்கே 2 லிட்டர் நீருக்கு 12 கிராம், அதாவது இரண்டு சிறு கரண்டி, போதுமானது.

வீட்டுக்குள் நுழைந்ததும் முதற்காரியமாக நீரை அடுப்பில் ஏற்றி மூடிவிட வேண்டும். அது கொதிக்க ஆகும் பத்து நிமிஷமே கீரைக்கு உரிய நேரம். அகன்ற பாத்திரத்து நீரில் கீரையை அமிழ்த்தி, மண் அடியில் தங்கிய பின் மேலாக அள்ளி எடுக்க வேண்டும். இவ்வாறு மூன்று முறை செய்தால் மண் போய்விடும். தடித்த தண்டுகளை வேறாகவும் இலைகளை வேறாகவும் நறுக்கிக்கொள்ளலாம்.

நீர் கொதித்ததும் உப்பையும் பாஸ்தாவையும் இட வேண்டும். அதே சமயத்தில் மற்றோர் அடுப்பில், சூடேறாத வாணலியில் எண்ணெயையும் நறுக்கிய பேக்கனையும் இட்டு, சிறு தீயில் வைக்க வேண்டும். காய்ந்த வாணலியில் இட்டால் மேற்புறம் கருகி, கொழுப்பு உள்ளேயே தங்கிவிடும். மெல்லச் சூடேறினால்தான் கொழுப்பு உருகி வெளிவரும். ஏழெட்டு நிமிஷத்தில் துண்டுகள் சிவந்து மொறுமொறுப்பாகும். அப்போது மெல்லிதாக அரிந்த பூண்டையும் மிளகாயையும் சேர்த்து, ஒரு நிமிஷத்தில் அடுப்பை அணைத்துவிட வேண்டும். பூண்டு கருகினால் உணவு முழுவதும் கசந்துவிடும்.

பாஸ்தாவின் உறையில் 11 நிமிஷம் என்றிருந்தால், நாம் 9 நிமிஷத்தில் எடுத்துவிடலாம். எஞ்சிய வேக்காடு வாணலியில் நிகழும். கடுகுக் கீரையின் தண்டுகளை ஐந்தாம் நிமிஷத்திலும், இலைகளை ஆறாம் நிமிஷத்திலும் அதே நீரில் போட வேண்டும். பாலக்கானால் கடைசி ஒரு நிமிஷமே போதும். பின்னர் ஒரு தம்ளர் நீரை எடுத்து வைத்துக்கொண்டு, மிச்சத்தை வடித்துவிட்டு, பாஸ்தாவையும் கீரையையும் வாணலியில் சேர்த்து அடுப்பை மூட்ட வேண்டும். எடுத்து வைத்த நீரில் பாதியை ஊற்றி, இரண்டு நிமிஷம் விடாமல் புரட்டினால், நீரும் கொழுப்பும் ஒன்றாகி ஒவ்வொரு துண்டின் மீதும் பளபளவென்று படியும். வறண்டு தோன்றினால் இன்னும் சிறிது நீர் விடலாம். இறக்கிய பின் எலுமிச்சம்பழம் பிழிந்து உடனே பரிமாற வேண்டும்.

எடுத்து வைத்த அந்த ஒரு தம்ளர் நீர்தான் இந்த உணவின் உயிர்நாடி. சோறு வடித்த கஞ்சியின் அருமையை அறிந்த நமக்கு இது எளிதில் விளங்கும். பாஸ்தா வேகும்போது அதன் மாவுச்சத்து கசிந்து நீர் சற்றே கெட்டிப்படுகிறது. வெறும் நீரும் கொழுப்பும் கலவா. மாவுச்சத்துள்ள நீரோ கொழுப்பைச் சிறு துளிகளாகப் பிரித்துத் தாங்கி நிற்கிறது. தனியே குழம்பு வைக்க வேண்டிய வேலை இதனால் நீங்குகிறது. கீரையிலிருந்து நீரில் கரைந்த சத்துக்களில் ஒரு பகுதியும் நமக்குத் திரும்பக் கிடைக்கிறது. கீரையின் கரோட்டீன் கொழுப்புடன் சேரும்போதே உடலில் நன்கு ஏறும். உப்பு கசப்பை அடக்கும் தன்மையுடையது. ஆகவே கீரை என்றால் முகம் சுளிக்கும் குழந்தைகளும், மிளகாயைக் குறைத்துக் கொடுத்தால், இதை உண்பார்கள்.

மலைநகரங்களில் வசிப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். சிம்லாவின் உயரத்தில் நீர் சுமார் 93 டிகிரியிலேயே கொதித்துவிடுவதால், பாஸ்தா வேகச் சில நிமிஷம் கூடுதலாகும். அங்கே கடிகாரத்தை நம்பாமல் ஒரு துண்டைக் கடித்துப் பார்ப்பதே முறை. நடுவில் வெள்ளைப் புள்ளி சிறிதளவு தெரியும்போது எடுத்துவிடலாம்.

இந்த உணவின் வேகம் அவசரத்தினால் வருவதன்று. வேலைகளை அடுக்கிக்கொள்ளும் முறையினால் வருவது. நீர் கொதிக்கும்போது கீரை. பாஸ்தா வேகும்போது வாணலி. கழுவுவதற்கு இரண்டே பாத்திரங்கள். ஊர் எதுவாயினும் அந்தந்தச் சந்தையில் அன்று பசுமையாக உள்ள கீரையை வாங்கி, வாரத்தில் ஓர் இரவாவது இம்முறையைக் கைக்கொண்டால், கீரை நம் இரவுத் தட்டுக்குத் திரும்பி வர வழி பிறக்கும்.