நாட் கிங் கோல் மூச்சு வாங்கும் இடம்

ஹாலிவுட்டில் 1956இல் திறக்கப்பட்ட, கேபிடல் ரெக்கார்ட்ஸ் இசை நிறுவனத்தின் கட்டடத்துக்கு அடியில், மண்ணுக்குள், வெறும் கான்கிரீட் அறைகள் சில உண்டு. ஸ்டுடியோவில் பாடும் குரலை அங்கே ஓர் ஒலிபெருக்கி ஒலிக்கச் செய்யும். சுவரில் மோதித் திரும்புவதை மைக் பிடித்து மேலே அனுப்பும். 1950களின் பிற்பகுதியில் பாடகர்கள் நாட் கிங் கோல், பிராங்க் சினாட்ரா ஆகியோரின் குரல்களுக்குப் பின்னால் நீண்டு தேயும் எதிரொலி பிறந்தது இப்படித்தான்.

இன்று அந்தக் காலப் பாடல் ஒன்றின் இரண்டு சிடி பதிப்புகளைக் கேட்டால், ஒன்றில் அந்த எதிரொலி கடைசிவரை தேய்ந்து அடங்கும். இன்னொன்றில் பாதியிலேயே மடிந்துபோயிருக்கும்.

குற்றம் சிடியின் மேல் இல்லை. நொடிக்கு 44,100 மாதிரிகள், ஒவ்வொன்றும் 16 பிட். மனிதக் காது எட்டக்கூடிய 20,000 ஹெர்ட்ஸ் இதற்குள் அடங்கிவிடும். மெல்லிய ஒலிக்கும் உரத்த ஒலிக்கும் நடுவே சுமார் 96 டெசிபல் இடமும் கிடைக்கும். அன்றைய ஒலிநாடாக்கள் எட்டியதைவிட இது அதிகம். பாத்திரம் பெரிதுதான், ஊற்றுவது எது?

மூல நாடாவிலிருந்து பிரதி, அதிலிருந்து இன்னொரு பிரதி என எடுக்கும் ஒவ்வொரு முறையும் இரைச்சல் கூடும். இசைத்தட்டு வெட்டுவதற்கான பிரதியிலோ ஊசிக்கு ஏற்றபடி ஒலியைத் திருத்தியிருப்பார்கள். தொடக்க காலச் சிடிகள் பலவற்றுக்குக் கைக்குக் கிடைத்த பிரதியே போதுமென்று இருந்துவிட்டார்கள். அதற்கு வெகு முன்பே, 1961இல், கேபிடல் மோனோ பதிவுகளைப் போலி ஸ்டீரியோவாக்கவும் தொடங்கியிருந்தது. அதைப் பற்றி நல்லதாகச் சொல்ல அதிகமில்லை.

அடுத்த ஆபத்து, சுத்தம் செய்யும் ஆசை. நாடாவின் ‘உஸ்’ இரைச்சல் இருக்கும் அதே மேல் அதிர்வெண்களில்தான் பாடகரின் மூச்சும், சகர ஒலிகளின் கூர்மையும், எதிரொலியின் வாலும் இருக்கின்றன. இரைச்சலை அளவுக்கு மீறித் துடைத்தால் அவையும் சேர்ந்தே போகும்.

இப்படிப்பட்ட இழப்பு எதையும் குரல் மறைக்காது. எம்பி3 முறையை உருவாக்கியவர்களில் ஒருவரான ஜெர்மானியப் பொறியாளர் கார்ல்ஹைன்ஸ் பிராண்டன்பர்க், அதைச் செம்மைப்படுத்தப் பாடகி சூசன் வேகா வாத்தியமின்றிப் பாடிய ‘டாம்ஸ் டைனர்’ பாடலைத் திரும்பத் திரும்பக் கேட்டார். தொடக்கத்தில் அந்தத் தனிக்குரல் சிதைந்தே ஒலித்தது.

1990களில், யாருடைய சிடி உரக்க ஒலிக்கும் என்ற சத்தப் போட்டி சூடுபிடித்தது. மெல்லிய பகுதிகளைத் தூக்கி, உச்சங்களை நசுக்கி, எல்லாவற்றையும் ஒரே மட்டத்துக்குக் கொண்டுவந்தார்கள். ஸ்ட்ரீமிங் தளங்கள் இப்போது பாடல்களின் சத்தத்தைச் சமன்செய்கின்றன. ஆனால் நசுங்கிய உச்சம் அதனால் நிமிராது. 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் என்ற விலையுயர்ந்த கோப்பும் அதை மீட்காது.

எனவே பழைய குரல்களைத் தேடுபவர்கள் எண்களைவிட, எந்த நாடாவிலிருந்து யார் மாஸ்டரிங் (வெளியீட்டுக்கான இறுதி ஒலிச்சீரமைப்பு) செய்தார் என்ற குறிப்பைப் பார்ப்பது பயன்தரும். இரண்டு பதிப்புகளை ஒப்பிடுவதானால் முதலில் ஒலியளவைச் சமமாக வைக்க வேண்டும். சற்றே உரக்க ஒலிப்பதைத்தான் காது தரமானது என்று நம்பிவிடும்.